வெறுங்கை

குரங்குத் தொல்லை தாங்காமல் பூங்கோதை அம்மையின் மடத்துக் கதவு பகலிலும் சாத்தியே இருக்கும். அதற்குக் காவல் வைத்திலிங்கம். அம்மையைவிடப் பத்து வயது மூத்த சீடர். போன வருஷம் முசிறியிலிருந்து தனியாக வந்து சேர்ந்தவர்.

தட்டும் சத்தத்தை வைத்தே ஆளைச் சொல்லிவிடுவார். பால்காரர் செம்பால் தட்டுவார், தபால்காரர் பேனாவால். இதில் அவருக்குக் கொஞ்சம் கர்வம்கூட உண்டு. ஆனால் தெரியாத கை கதவில் பட்டால் போதும், மனுஷர் வெலவெலத்துப் போவார்.

அன்று காலை அவரே கேட்டார்.

"எல்லாத்தையும் விட்டுட்டு வந்தேன் தாயே. யாராவது கதவைத் தட்டினா மட்டும் நெஞ்சு படபடங்குது. இது எப்ப அடங்கும்?"

"யார் வந்துடுவாங்கன்னு பயம்?"

"வீட்டுக்காரி." தலையைக் குனிந்துகொண்டார். "சாமியாராப் போறேன்னு சொன்னா விடமாட்டா. அதான் காவேரிப் படித்துறையில வேட்டி, துண்டு, செருப்பெல்லாம் வச்சுட்டு, சொல்லாம வந்துட்டேன்."

அம்மை அவரையே பார்த்தார்.

அப்போது கதவு தட்டப்பட்டது. மூன்று தட்டு. சற்று நிறுத்தி, இன்னொன்று.

வைத்திலிங்கம் கதவை விட்டு இரண்டடி பின்வாங்கினார்.

"அவதான்! முப்பது வருஷம் கேட்ட தட்டு. நான் இங்க இல்லைன்னு சொல்லிடுங்க தாயே, உங்களுக்குப் புண்ணியமாப் போகும்."

மறுபடியும் அதே தட்டல். இம்முறை காதைத் தீட்டிக்கொண்டு கேட்டார். முகம் மெல்லத் தெளிந்தது.

"இல்லை, இது வேற யாரோ. அவ தட்டினா வளையலும் சேர்ந்து குலுங்கும். கைக்கு ஆறு கண்ணாடி வளையல் போட்டிருப்பா. இது வெறுங்கை." மூச்சு விட்டார். "பொழச்சேன்."

"நேத்து முசிறியிலேருந்து ஒரு அம்மா சொல்லி அனுப்பியிருந்தாங்க" என்றார் அம்மை. "இன்னிக்கு இங்க பத்துப் பேருக்குச் சாப்பாடு போடணுமாம். அரிசியோட வர்றாங்க."

"எதுக்கு?"

"ஆத்தோட போன புருஷனுக்கு முதல் வருஷத் திதி."

வைத்திலிங்கம் கதவைப் பார்த்தார். வெளியே மூட்டையை இறக்கி வைக்கும் சத்தம் கேட்டது. பிறகு மறுபடியும் மூன்று தட்டு. சற்று நிறுத்தி, இன்னொன்று.

அவர் அசையவில்லை.

"அந்த வளையலை உடைச்சாச்சு, வைத்திலிங்கம். உங்களுக்காகத்தான் உடைச்சாங்க. போய்த் திறங்க."