குயின்ஸ் புதருக்குக் கவாத்து வெட்டின மந்தி

ஒரு மந்தி, ஒரு தேன்சிட்டு, ஒரு முள்ளம்பன்றி. மூணும் கோத்தகிரி பக்கம் ஒரு குளத்தங்கரைக் காட்டுல இருந்துச்சுங்க. குளத்துக்கு இந்தப் பக்கம் காடு, அந்தப் பக்கம் தேயிலைத் தோட்டம். காட்டோரத்துல இடிஞ்சுபோன ஒரு பழைய பங்களா. அது வாசல்ல வெள்ளைக்காரங்க நட்டுட்டுப் போன ஒரு குயின்ஸ் புதர்!

அது ஒரு அதிசயச் செடி. உடம்பெல்லாம் முள்ளு. தை மாசம் புல்லு மேல பனி உறைஞ்சு கெடக்கும், காட்டுல வேற எதுவுமே பூக்காது. அப்போ இது மட்டும் இலையே இல்லாத மொட்டைக் குச்சியில செக்கச்செவேல்னு பூத்துத் தள்ளும்! தேன்சிட்டுக்கு அந்த மாசம் பூரா அதுதான் சாப்பாடு.

மந்திக்கும் அந்தச் செடின்னா உசுரு. சித்திரையில தேயிலைத் தோட்டத்துல ஆளுங்க கவாத்து வெட்டுறதை அது பாத்துச்சு. கிளையெல்லாம் சரக்கு சரக்குன்னு சீவித் தள்ளுனாங்க. ஆவணியில திரும்பப் பாத்தா, வெட்டின இடமெல்லாம் துளிரு!

மந்தி தேன்சிட்டுக்கிட்ட ஓடி வந்துச்சு. "தங்கச்சி! வெட்டுனா பெருகுதும்மா! நம்ம குயின்ஸையும் வெட்டிட்டா தைக்கு ஒண்ணுக்குப் பத்தா பூக்கும்!"

"நெஜமாவா அண்ணே?"

"ரெண்டு கண்ணால பாத்தேன்!"

அவ்வளவுதான். படக் படக்குன்னு ஒடிக்க ஆரம்பிச்சிடுச்சு. கையில முள்ளு குத்துது, ரத்தம் வருது, விடல! புதரைச் சுத்திப் பின்பக்கம் போனா, சலசலன்னு ஒரு சத்தம். அங்க வளை தோண்டிக் குடியிருக்குற முள்ளம்பன்றி முள்ளை விரிச்சுக்கிட்டு நிக்குது.

"எவன்டா அது என் வாசல்ல? இந்தக் கிளைதான் எனக்குக் கதவு. ஒரு குச்சி ஒடிச்சே, உன் முதுகு சல்லடை!"

"உங்க நல்லதுக்குத்தான்க்கா..."

"என் நல்லதை நான் பாத்துக்குறேன். போடா!"

அதனால அந்தப் பக்கம் மட்டும் தப்பிச்சுது. அதுக்கப்புறம் பயந்துக்கிட்டு ரெண்டும் அந்தப் பக்கம் எட்டிக்கூடப் பாக்கல.

மழை பெஞ்சுது. வெட்டின இடத்துல புதுக் குச்சி வந்துச்சு, பச்சைப் பசேல்னு இலை வந்துச்சு. மந்திக்குத் தலைகால் புரியல! தை வந்துச்சு. இலை உதிர்ந்துச்சு. பூ வரல.

"அண்ணே, ஒரு மொட்டுகூடக் காணோமே?"

"எனக்கும் ஒண்ணும் புரியலம்மா. தேயிலைக்கு வந்துச்சே!"

"தண்ணி கம்மியோ?"

"கை கையா ஊத்துனேனே!"

"அப்போ ஜாஸ்தியோ?"

"ஐயோ, ஜாஸ்தியோ?"

"வெயில் பத்தலையோ?"

"பத்தலையோ! இல்ல, பனி பத்தலையோ?"

ரெண்டும் குழம்பிக் குழம்பி மூணு நாள் போச்சு. சிட்டு மெலிஞ்சு போச்சு. நாலாம் நாள் காலையில அது சொல்லுச்சு: "றெக்கையில தெம்பு இருக்குறப்பவே கீழ சமவெளிக்குக் கெளம்புறேன் அண்ணே. போய்ச் சேருவேனான்னுதான் தெரியல."

மந்தி பதறிடுச்சு. "இரும்மா! வெட்டுனது பத்தல, அதான் விஷயம்! மிச்சத்தையும் வெட்டிடுறேன்!"

ஒரே பாய்ச்சலா பின்பக்கம் போச்சு. போய் அப்படியே நின்னுடுச்சு. அங்க கிளை முழுக்க சிவப்பு! அன்னிக்குக் காலையிலதான் விரிஞ்ச பூ!

"அக்கா! எங்க பூவையெல்லாம் உங்க பக்கம் இழுத்துக்கிட்டீங்களா?"

முள்ளம்பன்றி கொட்டாவி விட்டுச்சு. "இழுக்குறதுக்கு அதென்ன போர்வையா?"

"அப்போ என்ன உரம் போட்டீங்க?"

"போடல."

"தண்ணி?"

"ஊத்தல."

"பின்ன என்னதான்க்கா செஞ்சீங்க?"

"உன்னை வெரட்டுனேன்!"

பின்னாலயே பறந்து வந்த சிட்டு இந்தச் சண்டையைக் கேக்கவே இல்ல. முதல்ல வயிறு நெறையத் தேன் குடிச்சுது. அப்புறம் கிளை கிளையா உத்துப் பாத்துச்சு.

"அண்ணே, இங்க வாங்க. பூ எல்லாம் பழைய கருப்புக் குச்சியில இருக்கு. உங்க பக்கம் இருக்குறதெல்லாம் புதுக் குச்சி. தைக்குப் பூக்க வேண்டியதை ஆவணியிலயே ஒடிச்சுப் போட்டுட்டீங்க!"

"அப்போ தேயிலைக்காரங்க?"

"அவங்களுக்கு வேண்டியது இலை. எனக்கு வேண்டியது பூவாச்சே!"

மந்தி தலையைச் சொறிஞ்சுக்கிட்டு உக்காந்துச்சு. "அப்போ வெட்டவே கூடாதா?"

"பூ உதிர்ந்ததும் வெட்டணும்டா," அப்படின்னுச்சு முள்ளம்பன்றி. "மாசி கடைசியில என் வாசலை அடைக்குற கிளையை நானே கடிச்சு விடுவேன். அடுத்த தைக்குள்ள அது தேறிடும்."

"இதை ஏன்க்கா அப்பவே சொல்லல?"

"நீ எப்போடா கேட்ட?"

அந்த வருஷம் சிட்டுக்குப் பாதிச் சாப்பாடுதான். ஆனா அது எங்கயும் போகல. அடுத்த ஆவணியில தேயிலைத் தோட்டத்துல துளிரு மினுமினுத்தப்போ மந்திக்குக் கை துறுதுறுன்னுச்சு. ரெண்டு கை மேலயும் நல்லா அழுத்தி உக்காந்துக்கிச்சு! தையில புதர் சுத்திச் சுத்தி சிவப்பாப் பூத்துச்சு.

அடுத்தவங்க செய்யுற வேலையை நாமளும் செய்யுறதுக்கு முன்னாடி, அவங்க அதை எதுக்காகச் செய்யுறாங்கன்னு கேட்டுத் தெரிஞ்சுக்கணும்.