ஆவுடையப்பனின் பெருவிரல்

ஆவுடையப்பன் ஆற்றங்கரை மடத்துக்கு வந்து இறங்கியபோது கையில் ஒரு பையும் மனசில் ஒரு முடிவும் இருந்தன. மகன் நேரில் வந்து, "அப்பா, வீட்டுக்கு வாங்க" என்று வாய்விட்டுக் கூப்பிட வேண்டும். அதுவரை திரும்பிப் போவதில்லை.

பஸ்ஸில் டிக்கெட் பரிசோதகராக இருந்து ஓய்வு பெற்றவர் அவர். வேலையில் இருந்த காலமெல்லாம் அடுத்தவர் தப்பைப் பிடித்தே பழகிய மனுஷர். தன்னை ஒரு தப்பிலும் யாரும் பிடித்ததில்லை என்பதில் அவருக்குக் கொஞ்சநஞ்சப் பெருமை அல்ல.

மடத்தை நடத்தி வந்தவள் அவரைவிட வயதில் மிகவும் இளையவள். ஊரில் எல்லாருக்கும் அவள் அம்மை. ஆவுடையப்பன் போய் நின்றபோது முற்றத்துக் குப்பையைக் கூட்டிக்கொண்டிருந்தாள்.

"அம்மா, உங்க சிஷ்யனா இங்கேயே இருந்துரலாம்னு வந்திருக்கேன்."

"இருங்க அண்ணாச்சி. வீட்டுல தேட மாட்டாகளா?"

"அங்க என்னை யாரு மதிக்கா?"

"சண்டை போடுதாகளா?"

"சண்டை போட்டாக்கூடப் பரவால்லையே! நான் எதைச் சொன்னாலும் 'சரிப்பா'ங்கான் மகன். 'சரி மாமா'ங்கா மருமக. சொல்லிட்டு அவங்க பாட்டுக்கு அவங்க சோலியைப் பாக்காங்க. மடத்துக்குப் போறேன்னு சொன்னேன். அதுக்கும் 'சரிப்பா'ன்னுட்டான். பஸ் ஸ்டாண்டு வரைக்கும் கொண்டாந்து விட்டு, ஜன்னலோர சீட்டும் பிடிச்சுக் கொடுத்துட்டுப் போறாம்மா."

போகாதீங்க என்று அவன் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், அந்த ஜன்னல் வழியாகவே இறங்கியிருப்பார்.

"பேரன் பேத்தி?"

"பேத்தி ஒருத்தி. ஆதிரைன்னு பேரு. மூணாங்கிளாஸ். சாயங்காலம் ஆனா, 'தாத்தா வா, விளையாடப் போவோம்'னு கையைப் பிடிச்சு இழுத்த பிள்ளை. இப்போ நான் வாசல்ல உக்காந்திருந்தா என்னைத் தாண்டித்தான் கிரவுண்டுக்குப் போகுது. ஏன்னு கேக்கது கிடையாது."

"எப்ப இருந்து?"

"சைக்கிள்ல இருந்து விழுந்ததுல இருந்து." ஆவுடையப்பன் தோள் துண்டை எடுத்து உதறினார். "நான்தான் பழக்கிக் கொடுத்துட்டு இருந்தேன். அந்நேரம் ஒரு ஆட்டோக்காரன் போகக்கூடாத பாதையில வாரான். அவனை நாலு வார்த்தை கேக்கணும்லா? திரும்பினேன். சீட்டைப் பிடிச்சிருந்த கை அப்படியே வந்துட்டு. கண்ணுமூடித் திறக்கதுக்குள்ள பிள்ளை கீழ கிடக்கு. முன்பல்லு பாதி போச்சு."

"ஐயோ."

"அது முன்னால பாத்து ஓட்டியிருக்கணும். சைக்கிளும் சரியில்ல. வளருத பிள்ளைன்னு மகன் ஒரு அளவு பெரிசா வாங்கிட்டான்."

"பிள்ளைகிட்ட என்ன சொன்னிய?"

"இதைத்தான் சொன்னேன். வாயில ரத்தத்தோட நிக்கு, அப்பவும் நிதானமா எடுத்துச் சொன்னேன். அவ அப்பனும் அந்த வயசுல இப்படித்தான் விழுந்தான். அவனும் முன்னால பாக்கல."

இரண்டு தலைமுறையாக அந்த வீட்டில் ஒருவருக்கும் முன்னால் பார்க்கும் பழக்கம் இல்லை போலும். அம்மை குப்பையை அள்ளினாள்.

"என் பேச்சு வீட்டுல எடுபடணும். அதுக்கு ஒரு வழி சொல்லுங்கம்மா."

"சாயங்காலம் இங்க பிள்ளைக விளையாட வரும். கூடச் சேந்து ஆடுங்க. அப்புறம் பேசுவோம்."

"நானா? இந்த வயசுலயா?"

"சிஷ்யன்னு சொன்னிய."

அதற்குமேல் என்னத்தைப் பேச? ஆவுடையப்பன் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டார்.

மடத்து முற்றத்தில் கல்லுக்குப் பஞ்சமில்லை. ஆற்றுக்கு இறங்கும் படிகள், துணி துவைக்கிற கல், என்றைக்கோ விழுந்த தூண் ஒன்றின் துண்டுகள். நடுவில் நல்ல மண். அதனால் அங்கே பிள்ளைகள் ஆடுவது கல்லா மண்ணாதான். பிடிப்பவளுக்கு மண் சொந்தம், மற்றவர்களுக்குக் கல். கல்லில் நிற்பவர்கள் மண்ணில் குதித்து, "ஒன் மண்ணுல நிக்கேன், ஒன் மண்ணுல நிக்கேன்" என்று பிடிப்பவளின் வயிற்றெரிச்சலைக் கொட்டிக்கொள்ள வேண்டும். மண்ணில் இருக்கும்போது தொட்டுவிட்டால் அவுட்டு. தொடப்பட்டவர் அடுத்துப் பிடிக்க வேண்டும்.

பிள்ளைகளுக்குத் தலைவி செண்பகம் என்கிற ஒரு பெண். பின்னலை வாயில் கடித்துக்கொண்டு ஓடுகிறவள். அவள்தான் முதலில் ஆவுடையப்பனைத் தொட்டாள்.

"தாத்தா அவுட்டு!"

"எப்படி அவுட்டு? என் குதிகால் கல்லு மேல இருந்துச்சுலா?"

"குதிகால் மண்ணுலதான் இருந்துச்சு."

"நீ முதுகுப் பக்கம் நின்ன. உனக்கு எப்படித் தெரியும்?" பல வருஷம் ஓடும் பஸ்ஸில் வழக்காடிய வாய் அது. கல்லின் ஓரம் எது, குதிகால் எது, நிழல் எந்தப் பக்கம் விழுந்தது என்று விளக்கி முடித்தபோது செண்பகத்துக்குக் கொட்டாவி வந்துவிட்டது.

அடுத்து ஒருவன் தொட்டான். அவன் ஆள்காட்டி விரல் வேட்டியில்தான் பட்டது, உடம்பில் படவில்லை என்றார். இன்னொருத்தி தொட்டாள். அவர் ஆயத்தமாகும் முன்பே வந்துவிட்டாளாம்.

பிள்ளைகள் தனியே கூடிப் பேசின. செண்பகம் வந்தாள். குரலில் கோபம் எதுவும் இல்லை.

"சரி தாத்தா. நீங்க அவுட்டே இல்ல. இனிமே நீங்க ஒப்புக்குச் சப்பாணி."

விளையாடத் தெரியாத சின்னஞ்சிறுசுகள் அழுதுகொண்டு வந்து நிற்கும்போது, ஆட்டத்தில் சேர்த்த மாதிரி சேர்த்துக்கொள்வதற்குத்தான் அந்தப் பெயர். சப்பாணி எங்கே வேண்டுமானாலும் நிற்கலாம். யார் தொட்டாலும் அவுட்டு கிடையாது.

ஆவுடையப்பனுக்கு உள்ளூர சந்தோஷம். வாதத்தில் ஜெயித்தாயிற்று! மண்ணின் நட்டநடுவே கையைப் பின்னால் கட்டிக்கொண்டு உலாத்தினார்.

மறுநாளும் உலாத்தினார். அதற்கடுத்த நாள்தான் ஒன்றைக் கவனித்தார். யாரும் அவர் பக்கமே வருவதில்லை. செண்பகம் பிடிக்க வரும்போது அவரைச் சுற்றிக்கொண்டு ஓடினாள், நடுமுற்றத்தில் மரம் நின்றால் ஒதுங்கிப் போவோமே, அப்படி.

"ஏட்டி, ஒன் மண்ணுல நிக்கேன்!" என்று கூப்பிட்டுப் பார்த்தார்.

"சரி தாத்தா" என்றாள் அவள், திரும்பிக்கூடப் பார்க்காமல்.

ஆவுடையப்பனுக்குச் சுருக்கென்றது. அந்தச் 'சரி'யை அவருக்கு நன்றாகத் தெரியும். வீட்டில் விடிந்தால் அடைந்தால் கேட்பதுதான்.

மறுநாள் காலையில் அம்மை தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்தாள். அவர் போய்க் கயிற்றை வாங்கிக்கொண்டார்.

"அம்மா, அந்தப் பிள்ளைக என்னைத் தொடவே மாட்டேங்குதுக."

"தொட்டா என்ன ஆகும்?"

"ஒண்ணும் ஆகாது. அதான் தொட மாட்டேங்குதுக."

சொன்ன பிறகுதான் தன் காதில் அது விழுந்தது. வாளி பாதிக் கிணற்றில் நின்றது. அம்மை குடத்தை நகர்த்தி வைத்துவிட்டுக் காத்திருந்தாள்.

அன்று சாயங்காலம் ஆவுடையப்பன் முதல் ஆளாக முற்றத்தில் நின்றார். செண்பகம் வந்ததும் வழிமறித்தார்.

"என்னை நிசமாவே ஆட்டத்துல சேத்துக்கோ. சப்பாணியா வேண்டாம்."

"அவுட்டுன்னா அவுட்டும்பியளா?"

"சொல்லுவேன்."

"கால் கல்லுல இருந்துச்சு, கை வேட்டில பட்டுச்சு, அதெல்லாம் பேசப்படாது."

"பேச மாட்டேன்."

"சத்தியமா?"

அவள் நீட்டிய உள்ளங்கையில் அடித்துச் சத்தியம் செய்தார். என்ன பிரயோசனம்? ஒரு பொடியன் வந்து முதுகில் தொட்டதும் வாய் தானாகவே திறந்துகொண்டது. "அது எப்படின்னா தம்பி..."

பிள்ளைகள் எல்லாம் நின்றுவிட்டன. செண்பகம் பின்னலை வாயிலிருந்து எடுத்தாள்.

"சரி தாத்தா."

தீர்ந்தது. மறுபடியும் சப்பாணி.

வேறொருவராய் இருந்தால் விட்டிருப்பார். ஆவுடையப்பன் அப்படி விடுகிற ஆள் இல்லை. ஒரு காலத்தில் டிக்கெட் வாங்காத ஒருவனைப் பிடிக்க அடுத்த ஊர்வரை போனவர் அவர். மறுநாளும் போய்க் கேட்டார். சேர்த்துக்கொண்டார்கள். வாய் திறந்தது. வெளியே போட்டார்கள். அதற்கடுத்த நாளும் கேட்டார். இந்த முறை துண்டை வாயில் கவ்விக்கொண்டு ஆடினார். அதையும் எடுத்துவிட்டு ஒரு வழக்குப் பேசிவிட்டார். படியில் போய் உட்கார்ந்து தன் வாயில் தானே ஒன்று போட்டுக்கொண்டார். வெட்கமாக இருந்தது. ஆனாலும் மறுநாள் முதல் ஆளாக வந்து நின்றார்.

அம்மை தினமும் திண்ணைத் தூணோரம் கூட்டிக்கொண்டே பார்த்திருந்தாள்.

கூட்டத்திலேயே சின்னவள் இசக்கி. ஓட்டம் வராது. அவள் பிடிக்கும் முறை வந்தால் மற்ற பிள்ளைகள் படியில் உட்கார்ந்து கதை பேசும். அவ்வளவு மெதுவு. யாரையும் பிடிக்க முடியாமல் அழுகிற நிலைக்கு வந்திருந்தாள் அன்று. ஆவுடையப்பன் மண்ணில் இருந்து துவைகல்லுக்குத் தாவினார். ஒரு கால் ஏறிவிட்டது. மற்றதும் ஏறுகிற நேரம், இசக்கி எப்படியோ வந்து அவர் இடுப்பில் இரண்டு கையாலும் அடித்தாள்.

அவர் குனிந்து பார்த்தார். பின்னால் வந்த காலின் பெருவிரல் கல்லின் மேல் இருந்தது. சந்தேகத்துக்கு இடமே இல்லை. முழுப் பெருவிரலும் கல்லில்தான் இருந்தது.

பிள்ளைகள் அசையாமல் நின்றன. இசக்கி அவர் முகத்தையே பார்த்தாள். கண்ணில் நீர் முட்டிக்கொண்டு நின்றது. வாய் பாதி திறந்திருந்தது. முன்வரிசையில் ஒரு பல் விழுந்து இடைவெளி தெரிந்தது.

ஆவுடையப்பனின் நாக்கு நுனிவரை வழக்கு வந்துவிட்டது. விரலைக் காட்டக் கையும் எழுந்துவிட்டது. அந்தக் கையை இழுத்து நெஞ்சில் வைத்துக்கொண்டார்.

"அவுட்டு" என்றார். தன் குரல்தானா என்று அவருக்கே ஐயமாக இருந்தது. இன்னொரு தடவை சத்தமாகச் சொன்னார். "நான் அவுட்டு. இனி நான்தான் பிடிக்கணும்."

இசக்கி போட்ட சத்தத்தில் கரையில் இருந்த கொக்குகள் எழுந்து பறந்தன. "தாத்தா அவுட்டு! நான் பிடிச்சுட்டேன்! தாத்தா அவுட்டு!"

அப்புறம் அந்த முற்றம் பட்ட பாடு! ஆவுடையப்பன் வேட்டியை வரிந்து கட்டிக்கொண்டு மண்ணில் இறங்கினார். ஒவ்வொரு கல்லில் இருந்தும் பிள்ளைகள் குதித்தன. "தாத்தா மண்ணுல நிக்கேன்! தாத்தா, இங்க பாரு!" அவர் முகத்துக்கு நேரே வந்து ஆடின. வேட்டியைப் பிடித்து இழுத்துவிட்டு ஓடின. செண்பகம் நாக்கைத் துருத்தினாள். ஒருத்திகூட 'சரி தாத்தா' என்று சொல்லவில்லை. அவருக்கு மூச்சு வாங்கியது. இவ்வளவு சந்தோஷப்பட்டு எத்தனை காலம் ஆயிற்று என்று அவருக்கே தெரியவில்லை.

விளக்கு வைக்கிற நேரம் பிள்ளைகள் போய்விட்டன. ஆவுடையப்பன் உள்ளே போய்த் தன் பையை எடுத்துக்கொண்டு வந்தார்.

"கிளம்பியாச்சா அண்ணாச்சி?"

"மகன் வந்து கூப்பிடட்டும்னு இருந்தேன். அவன் எப்படி வருவான்? நானே போறேன்."

"நல்லது."

அவர் போகவில்லை. பையை ஒரு கையிலிருந்து மறுகைக்கு மாற்றினார்.

"வீட்டு வாசல்ல போய் நின்னதும் பேத்தி என்னைப் பாக்கும். அப்ப வாயில என்ன வரும்னு எனக்கே பயமா இருக்கு. ஆட்டோக்காரன்னு ஆரம்பிச்சிருவேன். முதல் வார்த்தை என்ன சொல்லணும்? அதை மட்டும் சொல்லிருங்கம்மா."

அம்மை விளக்குமாற்றைத் தூணில் சாத்தினாள்.

"சின்னவ தொட்டப்ப என்ன சொன்னிய?"

"அவுட்டுன்னு சொன்னேன்."

"நான் பாத்துக்கிட்டுத்தான் நின்னேன். உங்க பெருவிரல் கல்லு மேலதான இருந்துச்சு?"

"ஆமா. இருந்துச்சு."

"அப்படியும் சொன்னிய."

"சொன்னேன்."

"சைக்கிள் விழுந்த அன்னைக்கு நீங்க எந்தக் கல்லு மேலயும் இல்லையே, அண்ணாச்சி."