பதினான்காம் பெயர்

ஓர் அரசு அலுவலகத்தில், கதவு சரியாக மூடாத ஓர் இரும்பு பீரோவில், ஊழியர்களின் பணிப்பதிவேடுகள் குடியிருந்தன. யார் எப்போது வேலைக்கு வந்தார், என்ன சம்பளம் வாங்கினார், எத்தனை நாள் லீவு போட்டார் என்று அத்தனையும் அவற்றுக்குத் தெரியும். தெரிந்தும் வாயைத் திறக்காமல் இருப்பதுதான் அவற்றின் உத்தியோகம்.

அவற்றுள் ஒன்று செண்பகவடிவின் பதிவேடு. முப்பத்திரண்டு வருஷத்தில் அட்டை நைந்து போயிருந்தது. அவர் ஓய்வு பெற இருபது நாள் இருக்கையில், அதன் தலையில் ஒரு தணிக்கைக் குறிப்பைக் குண்டூசியால் குத்தினார்கள். மொடமொடவென்று புதுத் தாள். வந்ததும் வராததுமாக அதிகாரம் பண்ண ஆரம்பித்துவிட்டது.

"உங்கள் செண்பகவடிவு அம்மாள் வேலையில் சேர்ந்தது பிற்பகல். அதே நாள் முற்பகலில் சேர்ந்தவர் ஆறுமுகநயினார். ஆகவே அவர்தான் சீனியர். ஜூனியரைவிடச் சீனியர் குறைவாக வாங்கக் கூடாது என்று சொல்லி, பதினொரு வருஷத்துக்கு முன்னால் இவர் சம்பளத்தை நயினாருக்குச் சமமாக உயர்த்தியது தப்பு. அன்றிலிருந்து அதிகமாக வாங்கியது இரண்டு லட்சத்து எட்டாயிரம். பணிக்கொடையில் பிடித்துவிடுவோம்."

பதிவேடு தன் இரண்டாம் பக்கத்தைப் புரட்டிப் பார்த்தது. பிற்பகல் என்றுதான் இருந்தது. அன்றைக்கு அதிகாரி வெளியூர் முகாம் போயிருந்ததும், செண்பகவடிவு காலையிலிருந்தே பெஞ்சில் காத்துக் கிடந்ததும், இரண்டு மணிக்கு அதிகாரி வந்த பிறகே சேர்க்கை அறிக்கை கையெழுத்தானதும் பதிவேட்டுக்குத் தெரியும். நயினார் சேர்ந்தது வேறு ஊர் அலுவலகம். அங்கே அதிகாரி நாற்காலியில் இருந்தார், அவ்வளவுதான் வித்தியாசம்.

பெஞ்சில் உட்கார்ந்திருந்ததற்கு ஆவணம் உண்டா என்று கேட்டது குறிப்பு. இல்லைதான்.

பதிவேடு தன் பக்கங்களில் வருஷாவருஷம் 'சரிபார்க்கப்பட்டது' என்று விழுந்திருந்த கையெழுத்துகளை எழுப்பியது. சம்பளம் உயர்ந்த பிறகு மட்டும் பதினொரு பேர் இருந்தும் ஒருவர்கூடவா வாயைத் திறக்கவில்லை என்று கோபமாகவே கேட்டது.

"எங்களைப் போடச் சொன்னார்கள், போட்டார்கள். படிக்கச் சொல்லவில்லையே" என்றன கையெழுத்துகள்.

செண்பகவடிவு மதியச் சாப்பாட்டைத் தனியாகச் சாப்பிட ஆரம்பித்தார். பிரிவு உபசார விழா வேண்டாம் என்று சொல்லிவிட்டார். பணம் போவதைக்கூடச் சகித்துக்கொள்ளலாம். அதிகமாக வாங்கித் தின்றவள் என்ற பேரோடு படியிறங்குவதை அவரால் சகிக்க முடியவில்லை. ஒரு மனு எழுதி அதிகாரியிடம் கொடுத்தார்.

அதிகாரி மெகருன்னிசா அந்தப் பதவிக்குப் புதியவர். செண்பகவடிவையும், இப்போது அதே அலுவலகத்தில் இருந்த நயினாரையும் அழைத்து எதிரே உட்கார வைத்துவிட்டு, பதிவேட்டை முதல் பக்கத்திலிருந்து படித்தார். பதிவேடுகள் பேசுவதைத்தான் மனிதர்கள் படிப்பது என்கிறார்கள். இவர் அவசரமில்லாமல் கேட்கிற ஆள் என்பது பதிவேட்டுக்குப் புரிந்துவிட்டது. முதல் பக்கத்தில் ஒட்டியிருந்த, தேர்வுப் பட்டியலைச் சுட்டும் நியமன ஆணையை மெல்ல முன்னே தள்ளியது.

"நான் ஒம்பதரைக்கே வந்துட்டேன் மேடம். ஆபீசர் கேம்ப் போயிருக்காவ, உக்காருங்கன்னாவ. உக்காந்தேன்" என்றார் செண்பகவடிவு.

"அது இருக்கட்டும்மா. செலக்ஷன் லிஸ்ட்ல உங்க நம்பர் என்ன?"

"பதினாலு."

நயினார் தானாகவே சொன்னார். "நான் பதினஞ்சு மேடம். அன்னைக்கு லிஸ்ட்ல என் பேரத் தேடுனேன். அதுக்கு மேல இருந்தது இந்த அக்கா பேருதான்."

பொய் சொல்லியிருந்தால் சீனியர் என்ற லாபம் அவருக்குத்தான். பீரோவில் இருந்த மற்றப் பதிவேடுகள் அந்த மனுஷனை மரியாதையோடு பார்த்தன.

ரெக்கார்டு ரூமிலிருந்து தேர்வுப் பட்டியல் வந்து சேர்ந்தது. ஓரமெல்லாம் கரையான் தின்றிருந்தாலும் பெயர்கள் பிழைத்திருந்தன.

"முற்பகல், பிற்பகல் எல்லாம் எனக்குப் பிறகு வந்த சங்கதி" என்றது பட்டியல். "வரிசை என்னிடம்தான் தொடங்குகிறது. பதினான்குக்குப் பிறகுதான் பதினைந்து. வேலையில் சேர்ந்த நேரத்தை வைத்து என்னைப் புரட்டிப் போட எந்த விதியிலும் இடமில்லை."

குறிப்பின் மொடமொடப்பு கொஞ்சம் தளர்ந்தது. ஆனாலும் விடவில்லை. சம்பள உயர்வை ஒரு மாதம் முன்னதாகவே கொடுத்திருக்கிறார்கள், அந்த எண்ணூறு ரூபாயையாவது பிடிக்க வேண்டும் என்றது. மெகருன்னிசா அந்த வரியையும் படித்தார்.

"இந்தக் கணக்கு நீங்க போட்டதா?"

"இல்ல மேடம், ஆபீஸ்லதான் போட்டாவ."

"நீங்க ஏதாவது மறைச்சீங்களா?"

"இல்ல மேடம்."

"அப்ப தப்பு எங்களோடது. வீட்டுக்குப் போற நேரத்துல உங்க பையில கை விட மாட்டோம்."

பேனாவைத் திறந்து அங்கேயே ஆணையை எழுதினார். குறிப்பின் குண்டூசியைப் பிடுங்கும்போது பதிவேட்டுக்கு வலிக்கவே இல்லை.

கடைசி நாளில் விழா நடந்தது. ஆணையை உறையில் போட்டுக் கொடுக்காமல், எல்லோர் முன்னாலும் உரக்கப் படித்தார் மெகருன்னிசா. செண்பகவடிவு நடு நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். மாலை போட்டவர் நயினார்.

பிறகு பதிவேட்டின் கடைசிப் பக்கத்தில் ஒரே ஒரு கட்டம் மிச்சமிருந்தது: 'பிடித்தம் செய்ய வேண்டிய தொகை.' அதில் எழுத்தர் எழுதிய மூன்றெழுத்தை, முப்பத்திரண்டு வருஷம் உரக்க வாயைத் திறக்காத பதிவேடு, பீரோ அதிரும்படி படித்தது:

"இல்லை."