பளிச்சென்ற கரண்டி

எலும்பு டாக்டர் ரத்தினசபாபதி புதிதாக வாங்கிய எக்ஸ்ரே மெஷினுக்கு மாலை போட்டு, பூசணிக்காய் உடைத்து, ஊரையே கூட்டிக் காட்டிவிட்டார். படம் கன்னங்கரேலென்றும் வெள்ளைவெளேரென்றும் அப்படியொரு பளிச்.

படம் எடுக்கும் செல்லக்கனிக்கு மட்டும் மனசு ஒப்பவில்லை. சாரத்திலிருந்து விழுந்த கொத்தனாருக்கு மணிக்கட்டு வீங்கியிருந்தது. டாக்டரோ படத்தைப் பார்த்துவிட்டு, "ஒண்ணுமில்ல, வேலைக்குப் போ" என்றுவிட்டார்.

"சார், இதுல நுணுக்கம் விழல. பழைய மெஷின்ல ஒரு தடவை எடுத்துப் பாக்கலாம்," என்றாள்.

"படத்துல இல்லாதது உனக்கு மட்டும் தெரியுதோ? அதை எனக்குக் காட்டு. இல்லன்னா நாளையிலிருந்து வராதே."

செல்லக்கனி தலையாட்டிவிட்டு வாசல் டீக்கடைக்குப் போய் வந்தாள். கால் மணி நேரத்தில், புது மெஷினில் எடுத்த படம் ஒன்றை எல்லோரும் பார்க்க விளக்குப் பெட்டியில் மாட்டினாள்.

"இது என்ன சார்?"

"கரண்டி," என்றார் டாக்டர். "எவ்வளவு பளிச்சுன்னு இருக்கு பார்."

"டாக்டரய்யா, அது என் கம்பி வடிகட்டி," என்றார் பின்னாலேயே வந்து நின்ற டீக்கடைக்காரர்.

அதே வடிகட்டியைப் பழைய மெஷினில் எடுத்த படத்தைச் செல்லக்கனி பக்கத்தில் மாட்டினாள். மங்கல்தான். ஆனால் வலையின் ஓட்டைகளை ஒவ்வொன்றாக எண்ணலாம்.

"வடிகட்டியில ஓட்டையே தெரியலன்னா, எலும்புல கீறல் எப்படி சார் தெரியும்?"

கொத்தனாரின் கையைப் பழைய மெஷினில் வைத்தார்கள். தலைமுடி கனத்தில் கீறல் இருந்தது. டாக்டரே குனிந்து மாவுக்கட்டு போட்டார்.

அன்று அவருக்கு வந்த டீயில் தூள் மிதந்தது. வடிகட்டி இன்னும் எக்ஸ்ரே அறையில்தான் கிடந்தது. டாக்டர் தூளை ஊதி ஒதுக்கிவிட்டுக் குடித்தார்.