போ கரையும் வா கரையும்

ஒரு விடுகதை. பெயரிலே கால் இருக்கிறது. நடந்தால் மண்ணில் தடம் விழாது, மனிதர் முகத்தில்தான் விழும். அது என்ன?

காலம். சரியாகச் சொன்னீர்கள். ஆனால், அது எந்தப் பக்கம் நடக்கிறது?

அந்தக் காலத்தில், ஆமைகள் வாய் ஓயாமல் பேசிக்கொண்டிருந்தபோது, இந்தக் கேள்வியால் ஓர் ஊரே ஆற்றுக்கு இரண்டு பக்கமாகப் பிரிந்து கிடந்தது. "காலம் நம்மை விட்டுப் போகிறது" என்றவர்கள் இக்கரையில் இருந்தார்கள். அவர்கள் போக்கர். ஆறும்வரை காத்திருந்தால் நேரம் போய்விடுமே என்று கூழைக் கொதிக்கக் கொதிக்கக் குடிப்பார்கள். ஊரில் எல்லாருக்கும் நாக்கு வெந்திருக்கும். "காலம் நம்மை நோக்கி வருகிறது" என்றவர்கள் அக்கரையில் இருந்தார்கள். அவர்கள் வரவர். "வரும், வரும்" என்று உட்கார்ந்தே இருப்பார்கள். அவர்கள் வீட்டுக் கூழ் தினமும் அடிப்பிடிக்கும்.

விடைபெறும் சொல்லும் அப்படித்தான். போக்கர் கிளம்பும்போது "போகிறேன்" என்பார்கள். போன காலம் திரும்பாது. ஆகவே அப்படிச் சொல்லிப் படித்துறை இறங்கியவரும் திரும்பக் கூடாது. வரவர் "வருகிறேன்" என்று மட்டும் சொல்வார்கள். உடனே வீட்டுக்காரர், "வருகிறாயா? வா, உட்கார்" என்று இன்னொரு கிண்ணம் கூழ் ஊற்றுவார். எழுந்தவர் மறுபடி உட்கார வேண்டியதுதான்.

தும்பை போக்கர் வீட்டுப் பெண், ஏழு வயது. அவள் அக்காள் நொச்சி, அக்கரையில் வாழ்க்கைப்பட்டு, "போகிறேன்" என்று சொல்லிப் போனவள். அவளுக்குக் குழந்தை பிறந்திருப்பதாக, ஆட்களை முதுகில் ஏற்றி ஆறு கடத்தும் ஆமை வந்து சொன்னது.

"மூக்கு யார் மாதிரி?" என்று கேட்டாள் தும்பை.

"உன் மாதிரிதான் சித்தி. சுத்தச் சப்பை."

அந்தச் சப்பை மூக்கைத் தொட்டுப் பார்க்க வேண்டும் தும்பைக்கு. இருட்டுவதற்குள் அம்மாவிடம் திரும்பிவிடவும் வேண்டும்.

படித்துறையில் போக்கர் தலைவர் விரையனார் நின்றார். "சொல் குழந்தாய், சீக்கிரம்! நேரம் போகிறது."

அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள்.

"சொல்லேன் சித்தி, என் முதுகு வெயிலில் அப்பளமாகப் பொரிகிறது" என்றது ஆமை.

தும்பை வாயைத் திறந்தாள். "போ..."

அம்மாவின் முகம் கண்ணில் பட்டது. அக்கரையிலிருந்து அக்காள், "வாடி, வா!" என்று கையை ஆட்டினாள்.

"போய்... வருகிறேன்" என்று முடித்தாள் தும்பை.

விரையனார் திகைத்தார். பிறகு, "'போ' இருக்கிறது. இவள் நம் கட்சிதான்" என்றார்.

"'வருகிறேன்' இருக்கிறதே! எங்கள் பிள்ளை!" என்று அக்கரையிலிருந்து கத்தினார் வரவர் தலைவர் ஆறியனார், உட்கார்ந்தபடியே.

அம்மா முந்தானையை விலக்கினாள். "சொன்ன சொல் மாறக் கூடாது என்பதுதானே நம் வழக்கம் அண்ணா? அப்படியானால் என் பெண் வந்தே ஆக வேண்டும்."

விரையனார் முதல் தடவையாக மெதுவாகக் கேட்டார்: "இதையாவது சொல் குழந்தாய். காலம் போகிறதா, வருகிறதா?"

"மூக்கைப் பார்த்துவிட்டு வந்து சொல்கிறேன் மாமா" என்று ஆமையின் முதுகில் ஏறிக்கொண்டாள் தும்பை.

மூக்கு ஆமை சொன்ன மாதிரியே இருந்தது. சாயங்காலம் நொச்சியும் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு, "போய் வருகிறேன்" என்றாள். "போய்" என்ற சொல் காதில் விழுந்ததும், கூழ் ஊற்ற வந்த மாமியாரின் அகப்பை அப்படியே நின்றுவிட்டது. மூன்று பேரையும் சுமந்து வந்த ஆமை வழியெல்லாம் முணுமுணுத்தது. ஆனால் நீந்தும்போது சிரித்துக்கொண்டுதான் இருந்தது.

அன்று முதல்தான், நம் வீடுகளில் கிளம்புகிறவர்கள் "போகிறேன்" என்று சொல்லாமல் "போய் வருகிறேன்" என்கிறார்கள்.

படித்துறையில் விரையனார், "போகிறேன்" என்று போன நொச்சி திரும்பியதைக்கூடக் கவனிக்காமல், பதிலுக்குக் காத்திருந்தார். தும்பை எந்தக் கட்சியிலும் சேரவில்லை. வீட்டுக்குப் போய், கூழை ஆற்றிக் குடித்தாள்.