அமைதி நெறிச் சபைக்குப் போன படைக்காவல்

மணவூரை உலகுடையார் என்று ஒரு ராஜா ஆண்டார். அந்த ஊரிலே அமைதி நெறிச் சபை என்று ஒரு சபை. எறும்பைக்கூட நசுக்கமாட்டோம், பந்தியில் உட்கார்ந்தவரை எழுப்பமாட்டோம். இதுதான் அவர்கள் சத்தியம். சபைத் தலைவர் இடுப்பிலே களஞ்சியச் சாவி தொங்கும். களஞ்சியம் காலியானால் தலைவர் தன் வீட்டு நெல்லைப் போட்டுப் பந்தி நடத்தணும். ஆனால் காலியானதே கிடையாது. வருகிற காணிக்கை அப்படி!

பழைய தலைவர் போய்ச் சேர்ந்தார். குடவோலை போட்டுப் புதுத் தலைவரை எடுக்கணும். நின்றவர்கள் திருமேனியாரும் புண்ணியமூர்த்தியும். ரெண்டு பேரும் அரண்மனைக்கு வந்தார்கள். ஒருவர் நெற்றியிலே மஞ்சள் பற்று. இன்னொருவர் கையிலே கட்டு.

"மகாராஜா, எங்கள் தேர்தலுக்குப் படைக்காவல் வேணும்."

"யாரிடமிருந்து காவல்?"

"இவரிடமிருந்துதான்!" என்றார்கள் இருவரும், ஒரே குரலில்.

ராஜாவுக்குத் தலை சுற்றியது. காவல் அனுப்பினால் ஒரு பக்கம் சாய்ந்தார் என்பார்கள். அனுப்பாவிட்டால் மண்டை உடையும். மதியூகி மாசிலாமணியைத் திரும்பிப் பார்த்தார்.

"இது உன் பாடு. ஒரு மண்டை உடைந்தாலும் உன் உத்தியோகம் போச்சு."

சேனாதிபதி மீசைக்குள்ளே சிரித்தார். அந்த உத்தியோகத்தின்மேல் அவர் மைத்துனனுக்கு ஒரு கண்.

மாசிலாமணி பதறவில்லை. "சேனாதிபதியாரே, எல்லையிலிருந்து வந்த படை எங்கே?"

"அவன்களா? மாசக்கணக்கில் கம்பங்கூழ் குடித்துக் காய்ந்து கிடக்கிறான்கள்."

"அவர்கள்தான் வேணும். தேர்தல் முடிகிறவரை சபையிலேயே தங்கட்டும். யார் பக்கமும் சேரவேண்டாம். பந்தி போட்டால் உட்காரட்டும், அவ்வளவுதான்."

படை போனது. உட்கார்ந்தது. காலைப் பந்திக்கு உட்கார்ந்தவன் மத்தியானப் பந்திக்கும் எழுந்திருக்கவில்லை. எழுப்பலாமா? சத்தியம் இருக்கிறதே!

"சாமி, இன்னொரு கரண்டி!"

"இந்த இலைக்கு நெய் மறந்துட்டீங்களே, சாமி!"

திருமேனியார் களஞ்சியத்தை எட்டிப்பார்த்தார். புண்ணியமூர்த்தியும் எட்டிப்பார்த்தார். எலிகூடக் குடிபெயர்ந்திருந்தது.

தேர்தலன்று ராஜாவே வேடிக்கை பார்க்க வந்துவிட்டார். உள்ளே அடிதடி இல்லை. பேச்சுதான் கேட்டது.

"அண்ணா, நீங்கள்தான் மூத்தவர். நீங்களே தலைவராக இருங்கள்."

"ஐயையோ தம்பி! உன் தொண்டுக்கு முன்னால் நான் தூசி. சாவியை நீயே வாங்கிக்கொள்."

ராஜா நெகிழ்ந்துபோனார். "ஆஹா, இதுவல்லவா அமைதி! மாசிலாமணி, இனிக் காவல் எதற்கு? படையை எடுத்துவிடலாமே?"

"ஐயோ மகாராஜா, இப்போதுதான் காவலே வேணும். ரெண்டு பேரும் கொல்லைச் சுவரேறிக் குதிக்கப் பார்க்கிறார்கள்!"

ராஜா சிரித்த சிரிப்பில் கிரீடம் நழுவியது. கங்கணத்தைக் கழற்றி மாசிலாமணி கையில் போட்டார். பாவம், சேனாதிபதிதான். அந்தப் படையைத் திரும்பக் கம்பங்கூழ் குடிக்கவைக்க அவரால் ஆகவேயில்லையாம்.