மாசானத்தின் இடது கால் செருப்புகள்

நான் திருநெல்வேலியில் ஓர் ஆஸ்பத்திரியின் இன்சூரன்ஸ் பிரிவில் சேர்ந்த புதிது. நோய்க்குத் தக்க குறியீட்டைக் கம்ப்யூட்டரில் ஏற்றுவது என் வேலை. மேனேஜர் தணிகாசலம் தலையசைத்தால்தான் அது நிற்கும்.

இளவயதிலேயே லாரி ஏறி இடது காலை இழந்த மாசானம், கட்டையை ஊன்றி வந்தார். வெட்டிய இடத்தில் தீராத வலி, ஆபரேஷன் செய்யவேண்டும். பழைய காயத்தின் பின்விளைவு என்று குறியீடு போட்டால் இன்சூரன்ஸ் கிடைக்கும். புதுக் காயமென்றால், போலீஸ் கேஸ் எங்கே என்று தள்ளிவிடுவார்கள்.

"பழசுங்கிறதுக்குச் சாட்சி என்னய்யா?" என்றார் மேனேஜர்.

"வைத்தியம் பார்த்த ஆஸ்பத்திரியே இப்ப இல்லய்யா."

"அப்ப புதுசுன்னுதான் போடுவேன்!"

மறுநாள் மாசானம் ஒரு சாக்கைத் தரையில் கவிழ்த்தார். அத்தனையும் இடது கால் செருப்பு. ஒன்றுகூடத் தேயவில்லை.

"ஒத்தச் செருப்பு எவன் தாரான்? சோடியாத்தான் வாங்கணும். இது என் கல்யாணத்துக்கு எடுத்தது. இது மூத்தவ பொறந்தப்ப..."

"நேத்து கடையில வாங்கியிருப்பே!"

"இந்தப் பச்ச வாரு எந்தக் கடையில கிடைக்குன்னு சொல்லுங்கய்யா."

மேனேஜர் அதைக் கையில் வாங்கினார். முகம் இளகிவிட்டது. "அடடே, கட்டைவிரல் வளையம்! வார் அறுந்தா ஊக்கு குத்திக்கிட்டு ஸ்கூலுக்கு நடப்போம். இது கடைக்கு வர்றது நின்னு முப்பது வருஷம் இருக்குமேய்யா!" ஷூவைக் கழற்றிக் காலையும் நுழைத்துப் பார்த்தார்.

"சாட்சி கேட்டீக. நீங்களே சொல்லிட்டீக."

ஒரு காலில் ஷூவும் மறுகாலில் செருப்புமாக நின்றபடி, "பழசுன்னே போடும்மா" என்றார் மேனேஜர். செருப்பைக் கழற்ற மட்டும் அவருக்கு மனசு வரவில்லை.

"வச்சுக்கிடுங்கய்யா," என்றார் மாசானம். "அதப் போட எனக்குத்தான் கால் இல்லையே."